கடிகாரம் காட்டாத காலம்

முன்னுரை

காலம் பொன் போன்றது என்பர் பெரியோர். அரசனுக்கும் ஆண்டிக்கும் ஒரு நாளைக்கு 24 மணி நேரமே. காலை மணி அடித்தால் வகுப்பு தொடங்குகிறது. மாலை மணி அடித்தால் முடிகிறது. இதில் யாருக்கும் சலுகை கிடையாது. ஆனால் வேறோர் உலகத்திற்குச் சென்று 15 ஆண்டுகள் அரசாண்டு திரும்பி வரும் ஒருவருக்கு, இங்கே ஒரு நிமிடம்கூடக் கழியவில்லை என்றால் எப்படி இருக்கும்? ஓராண்டு விட்டு மீண்டும் அங்கே சென்றால், கட்டிய கோட்டை இடிந்து, ஆண்ட பெயரும் மறந்து, ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஓடிவிட்டது என்றால் எப்படி இருக்கும்?

இத்தகைய விந்தையை மையமாக வைத்துக் கதை புனைந்தவர் சி. எஸ். லூயிஸ் என்னும் ஆங்கில எழுத்தாளர். அவருடைய நார்னியா கதைகளில் காலம் எவ்வாறு நடைபோடுகிறது என்பதையும், அதிலிருந்து நாம் கற்றுக்கொள்ள வேண்டியது யாது என்பதையும் இக்கட்டுரையில் காண்போம்.

ஆசிரியரும் நூல்களும்

லூயிஸ் 1898-ஆம் ஆண்டு நவம்பர் 29-ஆம் நாள் அயர்லாந்து நாட்டுப் பெல்பாஸ்ட் நகரில் பிறந்தார். இளமையில் கடவுள் நம்பிக்கையை இழந்தார். ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் ஆசிரியராக இருந்தபோது, 1931-ஆம் ஆண்டில் மீண்டும் கிறிஸ்தவ நம்பிக்கைக்குத் திரும்பி ஆங்கிலிக்கன் சபையில் நிலைத்தார். அவர் மனம் மாற உதவியவர்களுள் ஒருவர், அவருடைய நண்பரும் உறுதியான கத்தோலிக்கருமான டோல்கீன் என்பது நமக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

இரண்டாம் உலகப் போர் தொடங்கிய 1939-ஆம் ஆண்டில் இலண்டன் நகரப் பிள்ளைகள் பலர் குண்டுவீச்சுக்கு அஞ்சிக் கிராமப்புறங்களுக்கு அனுப்பப்பட்டனர். லூயிஸின் வீட்டிலும் அப்படிச் சிலர் தங்கினர். பிற்காலத்தில் அவர் எழுதிய முதல் நார்னியா கதையும் அவ்வாறு அனுப்பப்பட்ட நான்கு உடன்பிறப்புகளின் கதையே. பீட்டர், சூசன், எட்மண்ட், லூசி என்பன அவர்கள் பெயர்கள். முதல் நூல் 1950-இலும் ஏழாவதான கடைசி நூல் 1956-இலும் வெளிவந்தன. 1963-ஆம் ஆண்டு நவம்பர் 22-ஆம் நாள் லூயிஸ் மறைந்தார்.

உலகங்களுக்கு நடுவே ஒரு காடு

நார்னியா என்பது தொலைவில் உள்ள ஒரு நாடு அன்று. அது வேறோர் உலகத்தில் உள்ள நாடு. கப்பலில் சென்றாலும் வானூர்தியில் சென்றாலும் அதை அடைய முடியாது. 1955-இல் வெளிவந்த ஆறாவது நூலில் லூயிஸ் இதைத் தெளிவாக விளக்குகிறார். டிகரி என்னும் சிறுவனும் பாலி என்னும் சிறுமியும் மாய மோதிரங்களின் உதவியால் ஓர் அமைதியான காட்டை அடைகின்றனர். அங்கே பறவை இல்லை, விலங்கு இல்லை, காற்றும் இல்லை. மரங்களுக்கு நடுவே எங்கு பார்த்தாலும் சிறு சிறு குளங்கள். ஒவ்வொரு குளமும் ஓர் உலகத்தின் வாயில். ஒரு குளத்தில் இறங்கினால் நம் உலகம். மற்றொன்றில் இறங்கினால், அழிந்து கிடக்கும் சார்ன் என்னும் நகரம். இன்னொன்றில் இறங்கினால் அப்போதுதான் படைக்கப்படும் நார்னியா.

அந்தக் காட்டில் எதுவும் நடப்பதில்லை. எனவே காலம் போவதும் தெரிவதில்லை. அங்கே சென்றவருக்கு எப்போதும் அங்கேயே இருந்தது போன்ற மயக்கம் உண்டாகிறது. அந்தக் காடு எந்த உலகத்தையும் சேர்ந்ததன்று. உலகங்கள் பல, ஒவ்வோர் உலகத்திற்கும் தனித்தனிக் காலம் உண்டு. லூயிஸ் அமைத்த கதையின் அடிப்படை இதுவே. ஒரே வீட்டில் உள்ள இரு கடிகாரங்கள் முன்பின்னாக ஓடுவதுபோல என்று இதைக் கருதக்கூடாது. அந்தக் கடிகாரங்கள் இரண்டும் ஒரே காலத்தைத்தான் அளக்கின்றன. நார்னியாவிலோ அளக்கப்படும் காலமே வேறு.

லூசி சொன்னதை யார் நம்புவார்?

கடைக்குட்டியான லூசி ஒரு பெரிய மர அலமாரிக்குள் நுழைந்து நார்னியாவை அடைகிறாள். பனி பெய்யும் காட்டில் ஒரு விளக்குக் கம்பத்தின் அருகே, பாதி மனிதனும் பாதி ஆடுமான டம்னஸ் என்பவரைச் சந்திக்கிறாள். அவருடைய குகையில் தேநீர் அருந்திக் கதை கேட்கிறாள். அந்நாட்டில் ஒரு சூனியக்காரி நூறாண்டாகக் குளிர்காலத்தை நிறுத்தி வைத்திருக்கிறாள் என்றும், கிறிஸ்மஸ் வருவதே இல்லை என்றும் அறிகிறாள். பல மணி நேரம் கழித்து ஓடோடி வந்து, தன்னைக் காணாமல் எல்லாரும் தவித்திருப்பார்கள் என்று எண்ணி, தான் வந்துவிட்டதாகக் கூவுகிறாள். ஆனால் அவளுடைய அண்ணன்மாரும் அக்காவும் இன்னும் அந்த அறையை விட்டுச் சரியாக வெளியே போகக்கூட இல்லை. அவர்களுக்கு அது ஒரு நொடி.

லூசிக்குச் சாட்சி யாரும் இல்லை. கடிகாரமே அவளுக்கு எதிர்ச்சாட்சி. அலமாரியைத் திறந்து பார்த்தால் வெறும் பலகைதான் தெரிகிறது. அவள் பொய் சொல்கிறாள், இல்லையேல் அவளுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்றே மற்றவர்கள் எண்ணுகின்றனர்.

இரண்டாம் முறை எட்மண்டும் அவள் பின்னே நார்னியா செல்கிறான். சூனியக்காரி கொடுத்த மிட்டாய்க்கு மயங்குகிறான். திரும்பி வந்ததும், எல்லாம் விளையாட்டு என்று சொல்லித் தங்கையைக் கைவிட்டுவிடுகிறான். இங்கே நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். எட்மண்டால் எப்படி இவ்வளவு எளிதாகப் பொய் சொல்ல முடிந்தது? இங்கே நேரம் கழியாததால்தான். அவன் இல்லாததை யாரும் கவனிக்கவில்லை. எங்கே போயிருந்தாய் என்று கேட்பாரும் இல்லை. யாரும் காணாத அந்த நேரத்தில் லூசி உண்மையைப் பற்றிக்கொண்டாள். எட்மண்ட் பொய்யைப் பற்றிக்கொண்டான். காலம் இருவருக்கும் ஒன்றே; அதைப் பயன்படுத்திய விதம்தான் வேறு.

வீட்டுக்காரரான முதிய பேராசிரியர் மட்டும் லூசியின் பேச்சைத் தள்ளிவிடவில்லை. அவர் தர்க்க முறைப்படி மூன்று வழிகளை எடுத்து வைக்கிறார். லூசி பொய் சொல்ல வேண்டும். அல்லது சித்தம் கலங்கியிருக்க வேண்டும். அல்லது உண்மை பேச வேண்டும். அவள் பொய் சொல்லும் பழக்கம் இல்லாதவள். அவளைப் பார்த்தாலே சித்தம் கலங்கவில்லை என்பது விளங்கும். ஆகவே வேறு சான்று கிடைக்கும்வரை அவள் சொல்வது உண்மை என்றே கொள்ள வேண்டும் என்கிறார். நேரம் போகவில்லையே என்று பீட்டரும் சூசனும் கேட்டதற்கு, அதுவே அவள் பேச்சை உண்மையாக்குகிறது என்று பதில் தருகிறார். ஏமாற்ற நினைக்கும் சிறுமி நம்பத்தக்க அளவு நேரம் ஒளிந்திருந்துவிட்டு அல்லவா வெளியே வருவாள்! வேறோர் உலகம் இருந்தால் அதற்குத் தனிக் காலம் இருப்பது இயல்பே என்பது அவர் முடிவு. இந்தப் பேராசிரியர் வேறு யாருமல்லர். காட்டில் குளங்களைக் கண்ட டிகரி என்னும் அதே சிறுவர்தாம்.

பின்னர் நால்வரும் நார்னியாவை அடைந்து, அஸ்லான் என்னும் சிங்கத்தின் தியாகத்தால் சூனியக்காரியை வென்று, அரசரும் அரசியருமாக முடி சூடுகின்றனர். துரோகம் செய்த எட்மண்ட் மன்னிப்புப் பெற்று, நீதிமான் என்று பெயர் எடுக்கிறான். பல ஆண்டுகள் ஆண்ட பின் ஒரு நாள் வெள்ளை மானைத் துரத்திக்கொண்டு வந்தவர்கள் அலமாரி வழியே திரும்பிவிடுகின்றனர். அதே நாள், அதே மணி. மீண்டும் சிறுபிள்ளைகளே.

இடிந்த கோட்டை

ஓராண்டு கழித்து, பள்ளிக்குச் செல்ல இரயில் நிலையத்தில் காத்திருக்கும்போது நால்வரும் மீண்டும் நார்னியாவுக்கு இழுக்கப்படுகின்றனர். ஆனால் அவர்கள் நிற்பது ஆளில்லாத ஒரு தீவு. அங்கே ஓர் இடிந்த கோட்டை, கூரையில்லாத மண்டபம், பழைய கிணறு, கவனிப்பாரின்றி வாயில்வரை படர்ந்துவிட்ட ஆப்பிள் தோட்டம். சூசன் தரையில் ஒரு பொருளைக் கண்டெடுக்கிறாள். அது பொன்னால் செய்த சதுரங்கக் குதிரை. அவர்கள் அரசராய் இருந்த காலத்தில் விளையாடிய அதே காய். அப்போதுதான் புரிகிறது, அது அவர்கள் சொந்த அரண்மனையாகிய கேர் பாரவெல் என்று. அன்று நிலத்தோடு ஒட்டியிருந்த இடம் இன்று கடல் புகுந்து தீவாகிவிட்டது. நார்னியாவின் காலத்தை நம் காலத்தைக் கொண்டு கணிக்க முடியாது என்பதை முதலில் உணர்ந்து கூறுபவன் எட்மண்ட்தான்.

நாட்டை இப்போது அந்நியர் ஆள்கின்றனர். பேசும் விலங்குகள் மறைந்து வாழ்கின்றன. பழைய அரசர்களைப் பற்றிப் பேசுவதே குற்றம். ஆயினும் இளவரசன் காஸ்பியனுக்கு அவனுடைய செவிலித்தாய் அந்தக் கதைகளை இரகசியமாகச் சொல்லி வளர்த்தாள். அவளை வெளியேற்றிய பிறகு வந்த ஆசிரியரும் அவற்றையே கற்பித்தார். கோட்டை இடிந்தது, ஆனால் ஒரு தாதியின் வாய்ச்சொல் இடியவில்லை. ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலும் நின்றது கல் அன்று, கதையே.

இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. நார்னியாவின் காற்று பட்டதும் எட்மண்டின் கைக்குப் பழைய வாள் பயிற்சி திரும்பி வருகிறது. இங்கே ஓராண்டு பள்ளி மாணவனாய் இருந்தும், அங்கே கற்றது அழியாமல் உள்ளே உறங்கிக்கொண்டுதான் இருந்திருக்கிறது.

ஒரு சிறு கணக்கு

தோழியரே, கதையைச் சற்று நிறுத்திவிட்டுக் கணக்கில் இறங்குவோம். லூயிஸ் தாமே நார்னியாவின் ஆண்டுகளையும் நம் ஆண்டுகளையும் இணைத்து ஒரு காலக் குறிப்பு எழுதி வைத்திருந்தார். அது அவர் மறைவுக்குப் பின் வெளியானது. அதன் முக்கிய வரிகள் இவை:

நம் 1900: நார்னியா 1 (படைப்பு).
நம் 1940: நார்னியா 1000 முதல் 1015 வரை (நால்வர் ஆட்சி).
நம் 1941: நார்னியா 2303 (இளவரசன் காஸ்பியன்).
நம் 1942: நார்னியா 2306 (கடற்பயணம்).
அதே 1942, சில மாதங்கள் கழித்து: நார்னியா 2356 (முதிய காஸ்பியன்).
நம் 1949: நார்னியா 2555 (உலக முடிவு).

இனி விகிதம் காண்போம். முதல் 40 ஆண்டுகளில் அங்கே 999 ஆண்டுகள். அதாவது நம் ஓராண்டுக்கு அங்கே ஏறத்தாழ 25 ஆண்டுகள். அடுத்து, நால்வரின் 15 ஆண்டு ஆட்சிக்கு இங்கே ஒரு நிமிடமும் இல்லை. அதன்பின் ஓராண்டுக்கு 1288 ஆண்டுகள். அடுத்த ஓராண்டுக்கு வெறும் 3 ஆண்டுகள். பிறகு சில மாதங்களுக்கே 50 ஆண்டுகள். கடைசி 7 ஆண்டுகளுக்கு 199 ஆண்டுகள்.

மொத்தத்தில் 49 ஆண்டுகளுக்கு 2554 ஆண்டுகள். வகுத்தால் சராசரி 52 வருகிறது. ஓராண்டில் 52 வாரங்கள் அல்லவா? ஆகவே சராசரியாக நம் ஒரு வாரம் அவர்களுக்கு ஓர் ஆண்டு! கேட்க அழகாய் இருக்கிறது. ஆனால் இந்தச் சராசரியை நம்பிப் பயணம் புறப்பட்டவர் ஏமாந்தே போவார். 1288-ஐயும் 3-ஐயும் சேர்த்துச் சராசரி பார்ப்பதில் பொருளே இல்லை. சராசரி எப்போது பயன்படும், எப்போது பயன்படாது என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

ஆனாலும் இந்தப் பட்டியலில் ஓர் ஒழுங்கு உண்டு. அங்கே வேகம் மாறுகிறது, திசை மாறுவதில்லை. ஒரு முறை சென்றவர் மறுமுறை செல்லும்போது எப்போதும் பிந்திய காலத்திலேயே போய் இறங்குகிறார். முந்திய காலத்திற்குப் போய்ச் செய்த தவற்றை அழித்துவிட்டு வந்தவர் எவரும் இல்லை. எட்மண்டின் துரோகம் மன்னிக்கப்பட்டது; நடக்காததாக ஆக்கப்படவில்லை. நம் பாவசங்கீர்த்தனமும் அப்படித்தானே!

விஞ்ஞானம் என்ன கூறுகிறது?

இது வெறும் கற்பனைதானா என்று சிலர் கேட்கலாம். காலம் எங்கும் ஒரே சீராக ஓடுவதில்லை என்பதை 1905-ஆம் ஆண்டில் ஐன்ஸ்டைன் தம் சார்பியல் கொள்கையால் உலகுக்கு அறிவித்தார். வேகமாகச் செல்லும் கடிகாரம் மெதுவாக ஓடும். 1971-ஆம் ஆண்டு ஹேபலே, கீட்டிங் என்னும் இரு அமெரிக்கர்கள் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றி வந்தனர். தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டபோது நொடியில் நூறு கோடியில் சில பத்து முதல் சில நூறு பங்கு வரை என்ற அளவில் வேறுபாடு தெரிந்தது. இன்று இடங்காட்டும் செயற்கைக்கோள்களில் உள்ள கடிகாரங்கள் புவியில் உள்ளவற்றைவிட நாளொன்றுக்கு நொடியில் பத்து இலட்சத்தில் 38 பங்கு முந்துகின்றன. அதைத் திருத்தாவிட்டால் கைப்பேசியில் நாம் பார்க்கும் வழியெல்லாம் தவறாகிவிடும்.

ஆனால் விஞ்ஞானத்தின் காலமும் நார்னியாவின் காலமும் ஒன்றல்ல. விஞ்ஞானத்தில் விதி உண்டு. வேகமும் ஈர்ப்பும் தெரிந்தால் வேறுபாட்டைக் கணக்கிட்டுவிடலாம். நார்னியாவில் கணக்கிட முடியாது. மேலும், மிக வேகமாகப் பயணம் செய்து திரும்பியவர் வீட்டில் இருந்தவரைவிட இளமையாய் இருப்பார் என்கிறது விஞ்ஞானம். லூயிஸின் கதையிலோ பயணம் போனவரே அதிகம் வாழ்ந்தவர். ஆகவே லூயிஸ் எழுதியது பௌதிகப் பாடம் அன்று. அவர் தேடியது மனித வாழ்வின் பொருளை.

பழங்கதைகளும் நார்னியாவும்

காலம் மாறிப்போன கதைகள் பழங்காலம் முதல் உண்டு. ககுத்மி என்னும் அரசன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மனிடம் போய்ச் சற்றே காத்திருந்ததற்குள் பூமியில் யுகங்கள் பல ஓடிவிட்டதாகப் பாகவதம் கூறுகிறது. நம் திருச்சபை மரபில் எபேசு நகர் ஏழு உறங்குவோர் வரலாறு உண்டு. தேசியு பேரரசன் காலத்தில் விசுவாசத்திற்காக ஒரு குகையில் அடைக்கப்பட்ட ஏழு இளைஞர்கள் உறங்கி, ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் கழித்து இரண்டாம் தெயோதோசியு காலத்தில் விழித்தனர் என்பது அம்மரபு. ஓர் இரவுதான் கழிந்தது என எண்ணி ரொட்டி வாங்கப் போன இளைஞன், நகர வாயிலில் சிலுவையைக் கண்டு திகைத்தான். அவன் நீட்டிய பழைய நாணயத்தைக் கண்டு கடைக்காரர் திகைத்தனர்.

அந்த நாணயமும் நார்னியாவின் பொற்குதிரையும் ஒரே வேலையைச் செய்கின்றன. இரண்டும் காலத்தின் சாட்சிகள். ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. எபேசு இளைஞர் உறங்கினர், ககுத்மி காத்திருந்தான். லூயிஸின் பிள்ளைகளோ உறங்கவில்லை, காத்திருக்கவும் இல்லை. அவர்கள் உழைத்தனர், போரிட்டனர், நீதி வழங்கினர், நண்பரைப் பெற்றனர். வெறுமனே கடந்துபோன காலம் அன்று அது, வாழ்ந்த காலம்.

நண்பன் முதியவனானான்

நம் உள்ளத்தை மிகவும் உருக்கும் இடம் நான்காவது நூலில் வருகிறது. யூஸ்டஸ் என்னும் சிறுவன் விடுமுறையில் நார்னியா சென்று இளம் அரசன் காஸ்பியனோடு கப்பலில் உலகின் எல்லை வரை பயணம் செய்தவன். அடுத்த பள்ளிப் பருவத்தில் ஜில் என்னும் சிறுமியோடு மீண்டும் செல்கிறான். துறைமுகத்தில் நரைத்துத் தளர்ந்த ஓர் அரசர் கப்பல் ஏறுவதைக் காண்கிறான். அவர் யார் என்று அறியாமலே கப்பல் போய்விடுகிறது. பிறகுதான் தெரிகிறது, அவர்தான் தன் தோழன் காஸ்பியன் என்று. அவர் மனைவி இறந்து, மகனும் காணாமற்போய் ஆண்டுகள் பல ஆகிவிட்டன. யூஸ்டஸுக்குச் சில மாதங்கள். காஸ்பியனுக்கு ஒரு முழு வாழ்வு.

நம் வாழ்விலும் இது உண்டு. விடுதியில் தங்கிப் படிப்பவருக்கு மூன்று மாதம் விளையாட்டிலும் பாடத்திலும் பறந்துவிடும். அதே மூன்று மாதம் வீட்டில் பேத்தியின் வரவை எதிர்நோக்கியிருக்கும் பாட்டிக்கு எவ்வளவு நீண்டது! காய்ச்சலில் கிடக்கும் குழந்தையின் அருகே கண்விழிக்கும் தாயின் இரவும், அதே வீட்டில் அயர்ந்து தூங்குபவரின் இரவும் ஒரே அளவா? கடிகாரம் இருவருக்கும் எட்டு மணி நேரம் என்றே காட்டும். புனித அகுஸ்தினார் தம் வாழ்வைக் கடவுளிடம் அறிக்கையிடும் நூலின் 11-ஆம் பகுதியில், காலத்தை நாம் உள்ளத்தில்தான் அளக்கிறோம் என்று ஆராய்கிறார். கடந்தது நினைவாகவும், நிகழ்வது கவனமாகவும், வருவது எதிர்பார்ப்பாகவும் அங்கே இருக்கிறது என்பது அவர் கருத்து.

சூசனும் காலமும்

கடைசி நூலில் நால்வருள் ஒருத்தி மட்டும் இல்லை, அவள் சூசன். வளர்ந்த பின் அவள் நார்னியாவைச் சிறுவயது விளையாட்டு என்று ஒதுக்கிவிட்டாளாம். பல ஆண்டுகள் அரசியாய் இருந்தவள் அதை எப்படி மறந்தாள்? எட்மண்ட் முதல் நாள் சொன்ன அதே பொய்யைத்தான் அவள் பின்னாளில் தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். கடிகாரம் அவளுக்கும் துணை நின்றது. இங்கே ஒரு நிமிடமும் கழியவில்லையே, பின் அது எப்படி உண்மையாகும்?

நமக்கும் இந்த ஆபத்து உண்டு. பள்ளிக் கோவிலில் செய்த செபமும், தோழிக்காக விட்டுக்கொடுத்த ஒன்றும், யாரும் பாராதபோது காத்த நேர்மையும் எந்தப் பதிவேட்டிலும் ஏறுவதில்லை. அவற்றைக் குழந்தைத்தனம் என்று பின்னாளில் சிரித்து ஒதுக்குவது எளிது. ஆயினும் சூசனைப் பற்றி நாம் தீர்ப்பிட வேண்டாம். 1957-இல் ஒரு குழந்தை வாசகருக்கு எழுதிய கடிதத்தில், அவள் இவ்வுலகில் உயிரோடு இருக்கிறாள், திருந்துவதற்கு வேண்டிய காலம் அவளுக்கு உண்டு என்ற பொருள்பட லூயிஸ் எழுதினார். ஓடிக்கொண்டே இருக்கும் நம் காலத்தின் பெருங்கொடை அதுவே.

காலம் என்னும் அரக்கன்

நிலத்தடிக் குகை ஒன்றில் உறங்கும் பேருருவம் ஒன்றை நான்காவது நூலில் யூஸ்டஸும் ஜில்லும் காண்கின்றனர். அதன் பெயர் காலம். உலக முடிவில் அவர் விழிப்பார் என்று அவர்களுக்குச் சொல்லப்படுகிறது. கடைசி நூலில் அவ்வாறே அவர் எழுந்து கொம்பு ஊதுகிறார். விண்மீன்கள் இறங்கி வருகின்றன. சூரியனும் அவர் கையால் அணைகிறது. நார்னியாவின் காலம் முடிகிறது.

ஆனால் கதை முடியவில்லை. கதவுக்கு அப்பால் வேறொரு நார்னியா, பழையதைவிட உண்மையானது, விரிகிறது. இடிந்துபோன கேர் பாரவெல் அங்கே நிற்கிறது. நெடுங்காலத்திற்கு முன் இறந்த நண்பர்கள் அங்கே வரவேற்கின்றனர். டம்னஸும் காஸ்பியனும் ஒரே நேரத்தில் ஒரே இடத்தில்! அங்கே 1288 என்றும் 3 என்றும் வேறுபாடு இல்லை. ஆயிரம் ஆண்டுகளை நேற்றைய ஒரு நாளுக்கு ஒப்பிடும் 90-ஆம் திருப்பாடலின் கருத்து இங்கே நம் நினைவுக்கு வருகிறது. உலகங்கள் பலவானாலும், காலங்கள் பலவானாலும், எல்லாவற்றையும் ஒருங்கே காண்பவர் ஒருவர் உண்டு. யாரும் அறியாத லூசியின் அந்தச் சில மணி நேரமும் அவருக்குத் தெரியும்.

முடிவுரை

இதுகாறும் கண்டவற்றால் நாம் அறிவன மூன்று. முதலாவது, ஒருவர் எவ்வளவு வாழ்ந்தார், எவ்வளவு துன்புற்றார் என்பதைக் கடிகாரம் சொல்லாது; ஆகவே உண்மை பேசும் பழக்கமுள்ளவரின் சொல்லைப் பொறுமையோடு கேட்க வேண்டும். இரண்டாவது, நாம் திரும்பி வரும்வரை எல்லாம் அப்படியே இருக்கும் என்று எண்ணக்கூடாது. காண வேண்டிய முதியவரை இன்றே காண வேண்டும், கேட்க வேண்டிய மன்னிப்பை இன்றே கேட்க வேண்டும். மூன்றாவது, சாட்சியில்லாத நேரத்தில் நாம் செய்தது நம்மைவிட்டு அகலாது. அதுவே நம்மை ஆக்குகிறது.

நமக்கு அலமாரிக் கதவு திறக்காது. மாய மோதிரமும் கிடைக்காது. ஆனால் நாள்தோறும் மணிக்கும் மணிக்கும் இடையே யாரும் எண்ணிப் பாராத நிமிடங்கள் நமக்குக் கொடுக்கப்படுகின்றன. அவற்றை லூசியைப்போல் உண்மையோடு வாழ்வோமாக!